பேரேடும் பேஸ்பாலும்: பெரிய கிளாக்கர் பதில்கள்

சென்ற இதழில், செக்ரோலில், அதாவது தேயிலைத் தோட்டத்து வருகைப் பதிவேட்டில், ஒரே ஆளுக்கு ஒரே நாளில் இரண்டு 'பேர்' (ஒரு பேர் என்பது ஒரு நாள் வேலைப் பதிவு) விழுந்துவிடுவது பற்றி எழுதியிருந்தேன். அமெரிக்காவில் நெப்போலியன் லாஜுவே என்ற பேஸ்பால் ஆட்டக்காரருக்கு இப்படியொரு இரட்டைப் பதிவால் பருவத்தின் சிறந்த அடிகாரர் என்ற பட்டமே கைநழுவிப் போனது என்று போகிற போக்கில் ஒரு வரி சேர்த்தேன். செக்ரோலைப் பற்றி ஒருவரும் கேட்கவில்லை. வந்த கடிதங்களெல்லாம் அந்த ஒரு வரியைப் பற்றித்தான். ஆகவே இம்முறை பக்கம் முழுவதும் லாஜுவேக்கே. சேமலாப நிதி, லயத்துக் காணி உறுதி, ஓய்வூதிய நிலுவை பற்றிக் கேட்டவர்கள் அடுத்த இதழ் வரை பொறுத்தருள வேண்டும்.

கேள்வி: ஐயா, யார் இந்த லாஜுவே? எங்கள் மகன் பாடசாலை அணியில் பேஸ்பால் ஆடுகிறான். அவனுக்கும் தெரியவில்லை, அவனுடைய பயிற்றுநருக்கும் தெரியவில்லை.
— ஒரு தந்தை, தலவாக்கலை

பதில்: பயிற்றுநர் மேல் பிழையில்லை. பேப் ரூத் என்றால் பேஸ்பாலே பார்க்காதவர்களுக்கும் தெரியும். லாஜுவே என்றால் பழைய கணக்குகளைப் புரட்டுகிறவர்களுக்குத்தான் தெரியும். பேரேடு எழுதியே தலை நரைத்த என்னைப் போன்றவர்களுக்கு அதில் ஓர் ஈர்ப்பு.

1874 செப்டெம்பர் 5ஆம் திகதி, ரோட் ஐலண்ட் மாநிலத்தில் வூன்சொக்கட் என்ற ஆலை நகரத்தில் பிறந்தவர். பெற்றோர் கனடாவிலிருந்து பிழைப்புத் தேடி வந்த பிரெஞ்சு மொழிக்காரர்கள். பையன் சிறுவனாக இருக்கும்போதே தகப்பன் காலமாகிவிட்டார். பள்ளிக்கூடம் நின்றது; நெசவாலை வேலை தொடங்கியது. வளர்ந்த பிறகு குதிரை வண்டி ஓட்டினார். வண்டி ஓட்டிய நேரம் போக மீதி நேரத்தில் சுற்றுவட்டார அணிகளுக்கு ஆடினார். 1896இல் ஃபால் ரிவர் என்ற சிறிய அணி அவரைச் சம்பளத்துக்கு எடுத்தது. அவர் அடித்த அடியைப் பார்த்துவிட்டு, பருவம் முடிவதற்குள்ளேயே பிலடெல்பியா ஃபில்லீஸ் அணி அவரையும் இன்னோர் ஆட்டக்காரரையும் சேர்த்து 1,500 டொலருக்கு வாங்கிக்கொண்டது. ஆளை வாங்குவதா, விற்பதா என்று கேட்பீர்கள். ஹட்டன் மாணவியின் கேள்வி வரும்போது அதற்கு வருகிறேன்.

அதன் பின் 1916 வரை, மொத்தம் 21 பருவங்கள் பெரிய லீக்குகளில் ஆடினார். பிலடெல்பியாவில் தொடங்கி, கிளீவ்லாந்தில் வாழ்நாளின் நல்ல பகுதியைக் கழித்து, கடைசி இரண்டு வருடங்கள் மறுபடியும் பிலடெல்பியாவில். 3,240க்கு மேற்பட்ட அடிகள். 1914இல் 3,000 அடிகளைத் தொட்டபோது அவருக்கு முன் அந்த எண்ணிக்கையை எட்டியிருந்தவர்கள் இருவர்தான்.

அவர் நின்ற இடம் இரண்டாம் பேஸ். உங்கள் மகனுக்குத் தெரிந்திருக்கும். வீட்டில் மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். இலங்கையின் எல்லே ஆட்டம் பார்த்தவர்களுக்கு இது எளிது. அங்கேயும் அடித்துவிட்டு வட்டமாக ஓட வேண்டும், இடையிடையே தங்குமிடங்கள் உண்டு; பேஸ்பாலில் அவற்றுக்குப் பெயர் 'பேஸ்'. எல்லேயில் ஓடுகிறவனைப் பந்தால் எறிந்தே வீழ்த்திவிடலாம். பேஸ்பாலில் எறியக்கூடாது. கையிலுள்ள பந்தால் அவனைத் தொட வேண்டும், அல்லது அவன் போய்ச் சேர வேண்டிய பேஸுக்குப் பந்து முந்திக்கொண்டு போய்விட வேண்டும். ஆகவே பேஸ்களுக்கு அருகில் நிற்கும் உள்கள ஆட்டக்காரர்களின் கையும் காலும்தான் அணியின் உயிர்நாடி.

ஒரு காட்சியைச் சொல்கிறேன். முதல் பேஸில் எதிரணிக்காரன் ஒருவன் நிற்கிறான். அடுத்தவன் அடித்த பந்து மூன்றாம் பேஸ் பக்கமாகத் தரையில் உருண்டு போகிறது. அங்கே நிற்பவர் பந்தை அள்ளி இரண்டாம் பேஸை நோக்கி எறிகிறார். லாஜுவே பக்கவாட்டில் ஓடிவந்து, ஒரு காலால் பேஸை மிதித்தபடியே பந்தைப் பிடித்து, இடுப்பைத் திருப்பிய திருப்பில் முதல் பேஸுக்கு அனுப்ப வேண்டும். அதற்குள் முதல் பேஸிலிருந்து கிளம்பியவன் ஆணி வைத்த சப்பாத்தை முன்னே நீட்டிக்கொண்டு புழுதி பறக்க அவருடைய கணுக்காலுக்குச் சறுக்கி வருவான். எல்லாம் சரியாக நடந்தால் ஒரே பந்தில் இரண்டு பேர் அவுட். லாஜுவே 6 அடி 1 அங்குல உயரம், அதற்கேற்ற உடம்பு. இவ்வளவு பெரிய ஆள் இவ்வளவு இலகுவாக அசைவதைப் பார்க்கவே அக்காலத்தில் கூட்டம் வந்தது. கையுறையோ இன்றைய பிள்ளைகள் மாட்டுகிற மாதிரி பெரிய தொட்டில் அல்ல. கையைவிடச் சற்றே பெரிய தோல் உறை, அவ்வளவுதான்.

கேள்வி: கிரிக்கெட்டில் துடுப்பாட்டச் சராசரி 50 என்றால் மெச்சுவோம். உங்கள் ஆட்டக்காரருடைய சராசரி 0.426 என்று ஓரிடத்தில் பார்த்தேன். அரை ஓட்டம்கூட இல்லையே!
— கிரிக்கெட் ரசிகர், பண்டாரவளை

பதில்: ஓட்டத்தை விடுங்கள், அங்கே எண்ணுவது வேறு. ஒருவர் ஆட வந்த தடவைகளில் எத்தனை தடவை அடித்துவிட்டுப் பத்திரமாகப் பேஸைச் சேர்ந்தார் என்பதுதான் சராசரி; அப்படிச் சேர்ந்தால்தான் அதை ஓர் 'அடி' என்று பதிவார்கள். 10 தடவையில் 3 என்றால் 0.300, அவரை நல்ல ஆட்டக்காரர் என்பார்கள். 10க்கு 4 என்பது ஒரு முழுப் பருவத்துக்கு அபூர்வத்திலும் அபூர்வம். 1941இல் டெட் வில்லியம்ஸ் 0.406 எடுத்தார். அதற்குப் பிறகு அமெரிக்கன் லீக்கிலோ நாஷனல் லீக்கிலோ ஒருவரும் 0.400ஐத் தொடவில்லை.

லாஜுவே 1901இல் எடுத்தது 0.426. பழைய நூல்கள் சிலவற்றில் 0.422 என்று இருக்கும். எதுவாயினும் அமெரிக்கன் லீக்கின் வரலாற்றில் இன்று வரை அதுவே உச்சம். ஆனால் ஒரு கணக்கன் என்ற முறையில் அடிக்குறிப்பு ஒன்று போட்டே தீருவேன். அந்த லீக் பெரிய லீக் ஆனதே அந்த வருடம்தான். புதுக் கடை, பந்தெறிபவர்களில் எல்லோரும் முதல் தரமில்லை. அதோடு, கோட்டுக்கு வெளியே போகும் ஃபவுல் அடிகளை ஸ்ட்ரைக்காக, அதாவது தவறவிட்ட பந்தாக, எண்ணும் விதியை நாஷனல் லீக் 1901இல் கொண்டுவந்தது. அமெரிக்கன் லீக் 1903 வரை கொண்டுவரவில்லை. ஆகவே லாஜுவே பிடிக்காத பந்தைத் தட்டித் தட்டி வெளியே அனுப்பிவிட்டு, பிடித்த பந்துக்காகக் காத்திருக்கலாம்.

இதையெல்லாம் கழித்த பிறகும் எதிரணிகள் அவருக்குப் பயந்தன. அதே 1901 மே மாதம் சிகாகோ அணியுடன் ஓர் ஆட்டம். மூன்று பேஸிலும் ஆட்கள் நிற்க, லாஜுவே மட்டையோடு வருகிறார். சிகாகோவின் முகாமையாளரும் பந்தெறிபவருமான கிளார்க் கிரிஃபித் வேண்டுமென்றே நான்கு பந்துகளையும் எட்டாத தூரத்தில் எறிந்து, அவருக்கு இலவசமாக முதல் பேஸைக் கொடுத்தார். அப்படிக் கொடுத்தால் எதிரணிக்கு ஓர் ஓட்டம் தானாகவே போகும். போனால் போகட்டும், இந்த ஆளை அடிக்கவிட்டால் நான்கு போகும் என்று அவர் கணக்குப் போட்டார். அந்த ஆட்டத்தில் சிகாகோ ஜெயித்தது.

கேள்வி: லாஜுவே மீது வழக்கு நடந்ததாகவும், ஒரு மாநிலத்துக்குள் அவர் ஆடக்கூடாது என்று நீதிமன்றம் தடுத்ததாகவும் அறிந்தேன். குற்றம் செய்யாத ஒரு விளையாட்டு வீரரை நீதிமன்றம் எப்படித் தடுக்கலாம்?
— சட்டம் படிக்கும் மாணவி, ஹட்டன்

பதில்: நல்ல கேள்வி, மகளே. இந்தப் பக்கத்தில் அதிக இடம் இதற்குத்தான்.

1900இல் நாஷனல் லீக் ஒன்றுதான் பெரிய லீக். அணி முதலாளிகள் தங்களுக்குள் பேசிவைத்துக்கொண்டு, எந்த ஆட்டக்காரருக்கும் வருடத்துக்கு 2,400 டொலருக்கு மேல் கொடுப்பதில்லை என்று வரம்பு போட்டிருந்தார்கள். மேலே கொடுப்பதெல்லாம் மேசைக்கு அடியால். லாஜுவேக்கு 2,600. அணியின் மற்ற நட்சத்திரமான எட் டெலஹான்ட்டிக்கும் அவருக்கும் ஒரே சம்பளம் என்றுதான் அவருக்குச் சொல்லியிருந்தார்கள். பிறகுதான் தெரிந்தது, டெலஹான்ட்டியின் கைக்குப் போவது 3,000 என்று. 400 டொலர் குறைந்ததைவிட, கணக்கை மறைத்ததுதான் மனிதரைச் சுட்டிருக்கும் என்பது என் எண்ணம். சம்பளப் புத்தகம் எழுதியவனுக்கு இது தெரியும். குறைத்துக் கொடுத்தால் ஆள் முணுமுணுப்பான். பொய்க் கணக்குக் காட்டினால் அன்றே மனத்தால் போய்விடுவான்.

1901இல் அமெரிக்கன் லீக் போட்டிக்கு எழுந்தது. அதே பிலடெல்பியாவில் கொனி மெக் என்பவர் அத்லெட்டிக்ஸ் என்ற அணியைத் தொடங்கினார். லாஜுவே அங்கே போய்விட்டார். ஊர் மாறவில்லை, சட்டை மாத்திரம் மாறியது. பழைய அணி நீதிமன்றத்தின் படியேறியது.

அவர் கையொப்பமிட்ட ஒப்பந்தத்தில் இரண்டு வாசகங்கள் இருந்தன. ஒன்று: பருவம் முடிந்தாலும் அடுத்த பருவங்களுக்கும் ஆளை வைத்துக்கொள்ளும் உரிமை அணிக்கு உண்டு. இரண்டு: அணிக்கு வேண்டாமென்றால் 10 நாள் அறிவித்தலோடு ஆளை அனுப்பிவிடலாம். கீழ் நீதிமன்றம் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தது. இந்தக் கயிறு ஒருவனை மட்டும் கட்டுகிறது, மற்றவன் விரும்பிய நாளில் அவிழ்த்துவிடலாம் என்றால் இது சமமான உடன்பாடு அல்ல என்று தடை விதிக்க மறுத்தது.

1902 ஏப்ரிலில் பென்சில்வேனியா மாநிலத்தின் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பைத் தலைகீழாக்கியது. லாஜுவேக்கு ஈடான ஆளைத் தேடிப் பிடிக்க முடியாது. அவர் போனால் அணிக்கு ஏற்படும் நட்டத்தைப் பணத்தால் ஈடுசெய்ய முடியாது. ஆகவே அவர் வேறெங்கும் ஆடக்கூடாது. பேஸ்பால் வானத்தில் அவர் சூரியனாக இல்லாவிட்டாலும் ஒளிமிக்க ஒரு விண்மீன் என்பது உறுதி என்றுகூடத் தீர்ப்பில் எழுதினார்கள். நீதிமன்றத்தில் இவ்வளவு புகழ்மாலை வாங்கி, அந்த மாலையாலேயே வழக்கில் தோற்றவர் இன்னொருவர் இருந்தால் எனக்கு எழுதுங்கள்.

ஆனால் ஒரு மாநிலத்தின் நீதிமன்ற ஆணை அதன் எல்லைக் கல்லோடு நின்றுவிடும். அமெரிக்கன் லீக் அவரை அப்படியே தூக்கி ஒஹாயோ மாநிலத்துக் கிளீவ்லாந்து அணியில் வைத்தது. 1902 ஜூனில் அங்கே ஆடத் தொடங்கினார். கிளீவ்லாந்து அணி பிலடெல்பியாவுக்கு ஆடப் போகும்போது அவர் கூடப் போகமாட்டார். பென்சில்வேனியா மண்ணில் கால் வைத்தால் ஆணை பிடித்துக்கொள்ளும். அணி அங்கே ஆடி முடிக்கும் வரை அவர் பக்கத்து மாநிலமான நியூ ஜேர்சியின் அட்லாண்டிக் சிட்டிக் கடற்கரையில் காத்திருப்பார். 1903இன் தொடக்கத்தில் இரண்டு லீக்குகளும் சமாதானமாகின. அப்புறம்தான் அவரால் பிலடெல்பியாவுக்குள் தலைநிமிர்ந்து போக முடிந்தது.

ஹட்டனிலிருந்து கேட்கிற பிள்ளைக்கு இது முற்றிலும் புதுக் கதையாக இராது. உங்கள் பாட்டனாரைக் கேட்டால் 'துண்டு' என்பார். ஒரு தோட்டத்திலிருந்து இன்னொரு தோட்டத்துக்குப் போக வேண்டுமானால் துரை ஒரு துண்டு எழுதித் தர வேண்டும்: இந்தக் கங்காணியின் கும்பலுக்கு இவ்வளவு கடன் இருக்கிறது, இதைக் கட்டினால் ஆட்களை விடுவிப்போம் என்று. புதுத் தோட்டம் அந்தப் பணத்தைக் கட்டும். கடன் ஆட்களின் முதுகிலேயே அங்கும் போகும். துண்டு இல்லாமல் வந்தவனை அடுத்த தோட்டம் சேர்த்துக்கொள்ளாது. நான் வேலை பழகிய தோட்டத்து அலுவலகத்தின் மேல் தட்டில் அந்தக் காலத்துப் பற்றுவரவுப் புத்தகங்கள் கறையான் அரித்தபடி கிடந்தன. தூசி தட்டிப் பிரித்தால், இடது பக்கத்தில் கங்காணியின் பெயர், அடுத்து ஆட்களின் எண்ணிக்கை, அடுத்து மொத்தக் கடன், ஓரத்தில் சிவப்பு மையில் ஒரு கையெழுத்து. ஆட்களின் பெயர் எழுத அந்தப் பக்கத்தில் கட்டமே கிடையாது.

ஒப்பிடலாம், ஆனால் சமமாக்கக் கூடாது. லாஜுவே ஆயிரக்கணக்கில் டொலர் வாங்கியவர். தடை வந்த நாளில் அவருக்குக் கடற்கரை கிடைத்தது. நம்மவர்கள் அறிவித்தல் கொடுக்காமல் தோட்டத்தை விட்டுப் போனால், 1865ஆம் ஆண்டின் தொழிலாளர் சட்டப்படி அது குற்றம், சிறைக்கே அனுப்பலாம். அவரைத் தடுத்தது ஓர் ஒப்பந்த வழக்கு, இவர்களைத் தேடி வந்தது பொலிஸ்.

இன்னொன்றையும் குறித்துக்கொள்ளுங்கள், பரீட்சைக்கு உதவாவிட்டாலும். இங்கே துண்டு முறை 1921இல் ஒழிந்தது. அங்கே அடுத்த வருடமே அமெரிக்க உச்ச நீதிமன்றம், ஏகபோகத்தைத் தடுக்கும் சட்டம் பேஸ்பாலுக்குப் பொருந்தாது என்று சொல்லிவிட்டது. ஆட்டக்காரரைக் காலமெல்லாம் அணியோடு கட்டிவைத்த அந்த வாசகம் பல்லுப் பிடுங்கப்பட்டது 1975இல், தொழிற்பிணக்கு மத்தியஸ்தர் ஒருவரின் தீர்ப்பால். லாஜுவே இறந்து அப்போது 16 வருடங்களாகியிருந்தன.

கேள்வி: பட்டம் கைநழுவியது என்று எழுதினீர்களே, அந்தக் கதையைச் சொல்லாமல் விட்டுவிடாதீர்கள்.
— வாசகர், இராகலை

பதில்: விடுவேனா!

1910ஆம் ஆண்டு. டெட்ரொய்ட் நகரில் கார் செய்யும் ஹியூ சால்மர்ஸ் என்ற முதலாளி, அந்தப் பருவத்தில் மிக உயர்ந்த சராசரி எடுக்கும் ஆட்டக்காரருக்கு ஒரு புதுக் கார் பரிசு என்று அறிவித்தார். கார் இன்னும் செல்வந்தர் வீட்டுப் பொருளாக இருந்த காலம். போட்டி கடைசியில் இருவருக்குள் வந்து நின்றது. ஒருவர் 36 வயதான லாஜுவே. மற்றவர் டெட்ரொய்ட் அணியின் டை கோப். 23 வயது, அசுரத் திறமை, அதற்குச் சமமான முன்கோபம். சொந்த அணியிலேயே அவரைப் பிடிக்காதவர்கள் பலர். பட்டம் தன் கையில் வந்துவிட்டது என்று எண்ணிய கோப், கடைசி இரண்டு ஆட்டங்களுக்கு இறங்கவே இல்லை.

ஒக்டோபர் 9. கிளீவ்லாந்துக்கு சென்ட் லூயிஸ் பிரவுன்ஸ் அணியுடன் ஒரே நாளில் இரண்டு ஆட்டங்கள். லாஜுவேக்கு அடி மேல் அடி விழுந்தால்தான் கோப்பைப் பிடிக்க முடியும். முதல் தடவை வந்தார். நீண்ட அடி, மூன்றாம் பேஸ் வரை ஓடினார். இது சுத்தமான அடி. அடுத்த தடவை வந்தபோது, மூன்றாம் பேஸில் நிற்க வேண்டிய ரெட் கொரிடன் என்ற புதிய பையன் புல்வெளியின் ஓரத்தில், எங்கோ தூரத்தில் நின்றுகொண்டிருந்தான். பிரவுன்ஸ் முகாமையாளர் ஜக் ஓகொனர் அவனை அங்கே நிறுத்தியிருந்தார். லாஜுவேயின் அடி பட்டால் உன் முகம் போய்விடும், பின்னால் நில் என்று. லாஜுவே பார்த்தார். மட்டையைச் சுழற்றவில்லை. பந்து வருகிற வழியில் மட்டையை வெறுமனே நீட்டினார். 'பன்ட்' என்று அதற்குப் பெயர். பந்து மூன்றாம் பேஸ் பக்கமாகச் சோம்பலாக உருண்டது. பையன் ஓடிவந்து எடுப்பதற்குள் லாஜுவே முதல் பேஸில் நின்று மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார். அடுத்த தடவையும் பையன் அதே இடத்தில். அதற்கடுத்த தடவையும். மாலைக்குள் எட்டு அடிகள் சேர்ந்துவிட்டன, பெரும்பாலும் இப்படி உருட்டியவை.

ஒரு பந்தை மட்டும் அடியாகப் பதியாமல் விட்டார் பதிவாளர். பிரவுன்ஸின் பயிற்றுநர் ஹரி ஹவலுக்குப் பொறுக்கவில்லை. அதை அடியாக மாற்றினால் ஒரு புதுச் சூட் தைத்துத் தருவதாகப் பதிவாளருக்குச் சீட்டுப் போனது. பதிவாளர் மசியவில்லை. முகம் தெரியாத அந்த மனிதருக்கு என் தொழில் முறையான வணக்கம்.

மறுநாள் நாடே கொதித்தது. கோப்பின் அணித் தோழர்கள் சிலரே லாஜுவேக்கு வாழ்த்துத் தந்தி அடித்தார்கள் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள். அமெரிக்கன் லீக் தலைவர் பான் ஜோன்சன் விசாரித்தார். ஓகொனருக்கும் ஹவலுக்கும் வேலை போனது. சொன்னபடி நின்ற பையன் என்று கொரிடனை விட்டுவிட்டார்கள். லாஜுவேயின் எட்டு அடிகளும் செல்லும் என்றார் ஜோன்சன். ஆனால் லீக் அலுவலகம் கூட்டிப் பார்த்த கணக்கில் கோப் 0.385, லாஜுவே 0.384. பட்டம் கோப்புக்கு. சால்மர்ஸ் கெட்டிக்காரர், இரண்டு பேருக்கும் ஆளுக்கொரு கார் கொடுத்துவிட்டார். இலவச விளம்பரம் எவ்வளவு கிடைத்திருக்கும் என்று அவருக்குத் தெரியாதா என்ன?

இனி என் பங்கு. பழைய பதிவுத் தாள்களை ஒவ்வொன்றாகச் சரிபார்த்த ஆய்வாளர்கள் கண்டுபிடித்த ஒன்று 1981இல் வெளியானது. கோப் ஆடிய ஓர் ஆட்டம், 3 தடவை வந்து 2 அடி அடித்தது, தாளில் இரண்டு முறை ஏறியிருந்தது. ஒரு வேலைக்கு இரண்டு பேர்! ஒரு தாளை எடுத்து நீங்களே வகுத்துப் பாருங்கள். கோப்பின் அச்சான கணக்கு 509 தடவைக்கு 196 அடி, 0.385. இரட்டை வரியை அடித்துவிட்டால் 506க்கு 194, 0.383. லாஜுவே 591க்கு 227, 0.384. பட்டம் இவர் பக்கம் வந்துவிடுகிறது. அப்போதைய பேஸ்பால் ஆணையாளர் பட்டத்தை மாற்ற மறுத்துவிட்டார். இவ்வளவு காலத்துக்குப் பிறகு கைவைக்க வேண்டாம் என்பது அவர் நிலை. பிற்காலத்து ஆய்வாளர்களின் திருத்தக் கணக்குகளில் எண்கள் இன்னும் கொஞ்சம் நகர்ந்திருக்கின்றன. அவற்றிலும் லாஜுவேதான் முன்னே.

அந்த எட்டு அடிகளும் எதிரணி விட்டுக்கொடுத்தவைதானே, அவருக்கு எப்படிப் பட்டம் என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது. நியாயம்தான். பந்து உருண்டது, ஆள் ஓடினார், பேஸைத் தொட்டார். ஏன் உருண்டது என்பதை ஒழுங்கு விசாரணைக்காரர்கள் பார்த்துக்கொள்ளட்டும். கணக்கனாகிய நான் நடந்ததை எழுதுவேன். நடக்காத ஆட்டத்தை எழுதமாட்டேன்.

கேள்வி: தோட்டத்து மருந்தகத்தில் வேலை செய்கிறேன். அந்தக் காலத்து ஆட்டக்காரர்களுக்குக் காயம் பட்டால் என்ன செய்தார்கள்? இவருக்குப் பெரிய காயம் எதுவும் பட்டதா?
— மருத்துவிச்சி, மஸ்கெலியா

பதில்: பட்டது, தங்கச்சி. அதுவும் உங்கள் துறைக்கு உரிய காயம். 1905இல், அணியின் முகாமையாளராகவும் இருந்து ஆடிய முதல் முழுப் பருவத்தில், சறுக்கி வந்தவனின் சப்பாத்து ஆணி அவருடைய காலைக் கிழித்தது. சிறிய வெட்டுத்தான். ஆனால் அணியின் காலுறை சாயம் போட்டது. சாயம் புண்ணில் இறங்கி இரத்தம் நஞ்சானது என்றார்கள். அந்தப் பருவத்தில் பாதிக்கு மேற்பட்ட ஆட்டங்களில் அவரால் இறங்க முடியவில்லை. பென்சிலின் இல்லாத காலம். கால் மிஞ்சியதே பெரிது. சாயக் காலுறைக்கு உள்ளே வெள்ளைக் காலுறை போடும் வழக்கம் ஆட்டக்காரர்களிடையே பரவியதற்கு இப்படிப்பட்ட பயமே காரணம். அட்டை கடித்த இடத்தைச் சொறிந்துவிட்டுச் சேற்றுக் காலோடு வருகிறவர்களுக்கு இந்தக் கதையைச் சொல்லிப் பாருங்கள், கேட்பார்களோ தெரியாது.

கேள்வி: உலகத் தொடர்க் கிண்ணத்தை எத்தனை முறை வென்றார்?
— மாணவன், பூண்டுலோயா

பதில்: ஒருமுறைகூட இல்லை. இரண்டு லீக்குகளிலும் முதலாவதாக வந்த அணிகள் மோதுவதுதான் உலகத் தொடர்; அதில் அவர் ஒரு ஆட்டம்கூட ஆடியதில்லை. மிக அருகில் வந்தது 1908இல், அவர் முகாமையாளராக இருந்தபோது. டெட்ரொய்ட் 90 வெற்றி, 63 தோல்வி. கிளீவ்லாந்து 90 வெற்றி, 64 தோல்வி. மழையால் நின்றுபோன ஓர் ஆட்டத்தை டெட்ரொய்ட் மறுபடி ஆடவே இல்லை, அக்கால விதி ஆடச் சொல்லவும் இல்லை. அரை ஆட்டத்தால் போனது. அரைப் பேரின் வலி கொழுந்தெடுக்கிறவர்களுக்குத் தெரியும்.

கேள்வி: உயிரோடு இருக்கும்போதே அணிக்கு அவருடைய பெயரை வைத்தார்களாமே? இது தலைவர் துதி இல்லையா?
— வாசகி, கொட்டகலை

பதில்: துதிதான், நம் ஊர் வாசிகசாலைகளுக்கும் மண்டபங்களுக்கும் வைப்பதைவிடக் குறைவு. 1903இலிருந்து கிளீவ்லாந்து அணியை 'நப்ஸ்' என்றே அழைத்தார்கள். நெப்போலியன் என்பதன் சுருக்கம். 1909இல் முகாமையாளர் பதவியை விட்டபின்னும் பெயர் நீடித்தது. அவர் 1914உடன் அணியை விட்டுப் போனதும் பெயரும் போனது. 1915இல் 'இந்தியன்ஸ்' ஆனார்கள். அமெரிக்கப் பூர்வகுடிகள் நீண்டகாலம் எதிர்த்த அந்தப் பெயரையும் விட்டு, 2022 பருவத்திலிருந்து 'கார்டியன்ஸ்'. ஆள் போனால் பெயர்ப்பலகையைக் கழற்றுவதில் அவர்கள் நம்மைவிட வேகம்.

கேள்வி: வயதான பின் என்ன செய்தார்?
— ஓய்வுபெற்ற ஆசிரியர், பதுளை

பதில்: உடனே ஓய்ந்துவிடவில்லை. 1916இல் பெரிய லீக்கை விட்டவர், அடுத்த வருடம் கனடாவின் டொரொன்டோ அணியில் ஆடிக்கொண்டே முகாமையாளராகவும் இருந்தார். 42 வயதில் 0.380 அடித்தார், அணி லீக்கை வென்றது. பெரிய லீக்கில் கிடைக்காத வெற்றிக் கொடி சிறிய லீக்கில் கிடைத்தது. 1937இல் பேஸ்பால் புகழ் மண்டபத்துக்குத் தேர்வானார். 1959 பெப்ரவரி 7ஆம் திகதி புளோரிடாவின் டேடோனா பீச்சில் காலமானார்.

கேள்வி: பெரிய கிளாக்கர் ஐயா, முதலில் கேட்டவரின் மகன் நான்தான். லாஜுவேயைப் போல அடிக்க என்ன பயிற்சி செய்ய வேண்டும்?
— பாடசாலை அணி வீரன், தலவாக்கலை

பதில்: தம்பி, தயவுசெய்து அவரைப் போல அடிக்காதே. நல்ல பந்து, கெட்ட பந்து என்று அவர் பார்ப்பதில்லை. எட்டாத பந்தையும் எட்டி அடிப்பார், தரையோடு வருவதையும் தோண்டி அடிப்பார். அவருடைய கையும் கண்ணும் அப்படி. பந்தை விட்டுவிட்டு இலவசமாக முதல் பேஸுக்கு நடந்து போகும் பொறுமை அவருக்குக் குறைவு. உன் பயிற்றுநர் விடச் சொல்லும் பந்தை விடு. இரண்டாம் பேஸில் நிற்கும் விதத்தைக் கற்றுக்கொள்வதானால் கற்றுக்கொள். பந்து வருவதற்கு முன்பே காலை எங்கே வைப்பது என்று முடிவு செய்துகொள். சறுக்கி வருகிறவனைப் பார்க்காதே, பந்தைப் பார். உள்ளே வெள்ளைக் காலுறை போடு. உங்கள் அணிக்கு ஸ்கோர் புத்தகம் எழுத ஆள் தேவைப்பட்டால், சனிக்கிழமைகளில் நான் சும்மாதான் இருக்கிறேன் என்று உன் பயிற்றுநரிடம் சொல்.